அங்கன தொங்கிய ஸ்டார்

எங்கள் வீட்டில் அத்தை வீட்டுக்கு ‘அங்கன’ என்று பெயர். அத்தை அப்பாவின் ஒரே தங்கை. சிவகாசியிலிருந்து நாரணாபுரத்துக்குப் போகிற வழியில் எங்கள் தெரு. அங்கிருந்து இரண்டு தெரு தள்ளி, தண்ணீர்த் தொட்டிக்குப் பின்னால் அவள் வீடு. அப்பா அவள் பெயரையும் சொல்லமாட்டார், அவளைக் கட்டியவர் பெயரையும் சொல்லமாட்டார். ஞாயிற்றுக்கிழமை காலையில் அரிசிப் பையைக் கொண்டுவந்து என் காலடியில் வைப்பார். சுவரைப் பார்த்துக்கொண்டே, “அங்கன குடுத்துட்டு வா” என்பார். அது எங்கே என்று சுவருக்கும் தெரியும், எனக்கும் தெரியும்.

அந்த அரிசியும் மாமா செத்த பிறகுதான் போக ஆரம்பித்தது. அதற்கு முன்னால் மூன்று வருடம் ஒன்றுமே கிடையாது.

அத்தை ஒரு வெடிக் கம்பெனியில் பாக்கிங் செக்ஷனில் வேலை பார்த்தாள். மாமாவுக்கும் அதே கம்பெனியில்தான் வேலை. அவர் வேதக்காரர்; எங்கள் பக்கம் கிறிஸ்தவர்களை அப்படித்தான் சொல்வோம். இரண்டு பேரும் சொல்லாமல் கொள்ளாமல் கல்யாணம் முடித்து வந்து நின்றபோது, தெருவே கேட்க அப்பா ஒரு சொல் சொன்னார்: “அவன் செத்தாலும் அந்த வாசப்படிய நான் மிதிக்க மாட்டேன்.” எங்கள் ஊரில் வெடி வேலைக்குப் போகிறவனைப் பார்த்துக் கோபத்தில்கூட யாரும் அப்படிச் சொல்லமாட்டார்கள். அப்பா சொல்லிவிட்டார்.

எனக்கு அதெல்லாம் ஒரு தடையாக இருந்ததில்லை. அம்மாவுக்குத் தெரிந்தே நான் அங்கே போய்வருவேன். டிசம்பர் பிறந்துவிட்டால் மாமா வாசலில் உட்கார்ந்து ஸ்டார் செய்வார். வளைந்து போய்க் கழித்துக் கட்டிய ராக்கெட் குச்சிகள், சைக்கிள் டியூபிலிருந்து அறுத்த ரப்பர், கலர் பேப்பர், உள்ளே ஒரு குண்டு பல்ப். குச்சிகளை எண்ணிக் கொடுப்பது என் வேலை. “மருமகளே, அஞ்சு மூலையும் சமமா இருந்தாத்தான் ஸ்டாரு ஆடாம நிக்கும்” என்பார். செய்து முடித்ததும் நிலைக்கு மேலே இருக்கிற ஆணியில் கட்டித் தொங்கவிடுவார். தண்ணீர் பிடிக்க வருகிறவர்கள் குடத்தை வைத்துவிட்டுப் பார்த்துப் போவார்கள்.

நான் நாலாவது படித்த வருடம், தீபாவளி சீசனில், கம்பெனியில் நடந்த விபத்தில் மாமா செத்துப்போனார். அத்தையின் இடுப்பில் அப்போது எட்டு மாதப் பிள்ளை.

மாமாவை எடுத்த அன்றைக்கு அப்பா தண்ணீர்த் தொட்டிவரை வந்தார். அதற்கு மேல் ஓர் எட்டு வைக்கவில்லை. புருஷனை இழந்த தங்கைக்கு அண்ணன்தான் கோடிச் சேலை போட வேண்டும். அந்த நேரத்தில் பிறந்த வீட்டுச் சேலை வராவிட்டால், அவளுக்கு நாதியில்லை என்று அர்த்தம். அத்தைக்கு வரவில்லை. அப்பாவின் வைராக்கியத்தை ஊர் ஏசியது. அம்மா மட்டும், “வீம்பெல்லாம் இல்ல, சொன்ன சொல்லு பலிச்சிருச்சேன்னு மனுசன் ஒடிஞ்சு கெடக்காக” என்றாள். எனக்கு இரண்டுமே புரியவில்லை. தொட்டியடியில் அப்பா ஒரு கையால் குழாயைப் பிடித்துக்கொண்டு நின்றதும், அந்தக் குழாய் சொட்டிச் சொட்டி அவர் வேட்டி நனைந்ததும்தான் நினைவில் இருக்கிறது.

அந்த டிசம்பரில் அத்தை வீட்டு ஆணி காலியாக இருந்தது. துக்க வீட்டில் அந்த வருடம் பண்டிகை கிடையாது என்பது எங்களுக்கும் உண்டு, அவர்களுக்கும் உண்டு. அதை யாரும் எனக்குச் சொல்லவில்லை. செய்யத் தெரிந்தவர் போய்விட்டார், அதனால் ஸ்டார் இல்லை என்றுதான் நான் நினைத்தேன்.

கிறிஸ்துமஸுக்கு இரண்டு நாள் இருக்கும்போது அப்பா ஒரு துணிக்கடைப் பையோடு வந்தார். உள்ளே ஒரு சேலை, ஊதாவில் சின்னக் கரை. அதைப் பெட்டியின் மேல் வைத்துவிட்டு, அம்மாவிடம், அதுவும் சுவரைப் பார்த்துத்தான், “அங்கன பண்டிகையாம்ல. நேர்லயே போயி இதக் குடுத்துட்டு வந்துரலாம்னு இருக்கேன்” என்றார். அம்மா மாவுக் கரண்டியைப் போட்டுவிட்டு முந்தானையால் கண்ணைத் துடைத்தாள். “தான் ஆடாட்டாலும் தன் சதை ஆடும்னு சும்மாவா சொன்னாக” என்றாள். எனக்குத் தலைகால் புரியவில்லை. அப்பாவும் அத்தையும் பேசிவிட்டால் அத்தை பழையபடி எங்கள் வீட்டுக்கு வருவாள், எனக்குத் தலை பின்னிவிடுவாள். அம்மா பின்னினால் இழுக்கிற இழுப்பில் கண் மேலே ஏறிவிடும்.

இருபத்திநாலாம் தேதி மத்தியானம்தான் எனக்கு அந்த ஆணி ஞாபகம் வந்தது. நாளைக்கு அப்பா வருகிறார், வாசலோ மொட்டையாகக் கிடக்கிறது. கலர் பேப்பர் வாங்கலாம் என்று ஓடினால், எங்கள் தெருக் கடையில் தீர்ந்துவிட்டது. சிவகாசிக்குப் போய் வாங்கக் கூட்டிப் போக ஆளில்லை. அம்மா பிரஸ்ஸில் வேலை பார்த்தாள். டிசம்பர் கேலண்டர் சீசன், ராத்திரிக்கு முன்னால் வரமாட்டாள். அப்பா லோடு ஏற்றப் போயிருந்தார். வீட்டில் நானும் நாலு வயதுத் தம்பியும்தான்.

அப்போதுதான் கட்டிலுக்கு அடியில் கிடந்த லேபிள் கட்டைப் பார்த்தேன். வெடிப் பெட்டியில் ஒட்டுகிற லேபிள், வெட்டாத முழு ஷீட்டுகள். ஏதோ ஒரு கம்பெனியின் ஆர்டர் நின்றுபோனதால் பிரஸ்ஸில் எல்லோருக்கும் ஆளுக்குக் கொஞ்சம் கொடுத்ததாக அம்மா சொல்லியிருந்தாள். அப்படி ஒரு லேபிளை நான் பார்த்ததேயில்லை. தங்கக் கரை போட்ட நீலத்தில், பச்சைப் பாவாடை கட்டிய ஒரு பெண் ஊஞ்சலில் ஆடிக்கொண்டு மத்தாப்புப் பிடித்திருப்பாள். அம்மா என் நோட்டுகளுக்கு அதில்தான் அட்டை போட்டுக் கொடுத்திருந்தாள். ஆனால் படத்தை உள்ளே தள்ளி, வெள்ளைப் பக்கம் வெளியே தெரியும்படி. வகுப்பில் எல்லாரும் மயிலும் கிளியுமாகப் பளபளவென்று வைத்திருக்க, என் நோட்டு மட்டும் வெள்ளையடித்த சுவராக இருந்தது. அழுது பார்த்தேன். “போட்டது போட்டபடி இருக்கட்டும்” என்று சொல்லிவிட்டாள்.

கட்டை அவிழ்த்தேன். பக்கத்து வீட்டுக் கொல்லையில் அவரைக்கு நட்டிருந்த ராக்கெட் குச்சியில் ஐந்தை உருவினேன். பெட்டி ஒட்டுகிற வீடு என்பதால் பசை டப்பா எப்போதும் இருக்கும். பூச்சி அரிக்காமல் இருக்க அதில் மயில்துத்தம் போட்டிருப்பார்கள். தம்பி அதை நக்கிவிடாமல் பார்த்துக்கொள்வதே பாதி வேலையாக இருந்தது. மாமா பத்துக் குச்சி வைத்து உப்பலாகச் செய்வார். என்னுடையது ஐந்து குச்சியில் தட்டையாக வந்தது, ஒரு மூலை மட்டும் நீண்டு நின்றது. பிள்ளையார் பிடிக்கக் குரங்கான கதைதான். ஆனால் லேபிளை ஒட்டியதும் அந்தக் குறையெல்லாம் மறைந்துவிட்டது. மூலைக்கு ஓர் ஊஞ்சல்காரி வருகிற மாதிரி பார்த்துப் பார்த்து வெட்டினேன். இரண்டு பேர் மட்டும் தலைகீழாகத் தொங்கினார்கள். மீதி ஷீட்டைப் பட்டை பட்டையாகக் கிழித்து, வளையத்துக்குள் வளையம் கோர்த்து நீளமாக ஒரு சங்கிலியும் செய்தோம்.

மாமா போன பிறகு வெடிக் கம்பெனியை விட்டுவிட்ட அத்தை, தீப்பெட்டி ஆபீசுக்கு வேலைக்குப் போயிருந்தாள். துவைக்கிற கல்லின் மேல் ஏறி மாமாவின் ஆணியிலேயே ஸ்டாரைக் கட்டினேன். சங்கிலியை ஜன்னல் கம்பியிலிருந்து நிலை வரைக்கும் தொங்கவிட்டேன். சாயங்கால வெயில் நேராக அந்த வாசலில்தான் விழும். தங்கக் கரை அத்தனையும் ஜொலித்தது. மாமா செய்த ஸ்டாரைவிட இதுதான் அழகு என்று மனதுக்குள் சொல்லிக்கொண்டேன். அதை இப்போது நினைத்தாலும் கூசுகிறது.

அத்தை பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு வந்தாள். தெருவிலேயே நின்றுவிட்டாள். பிறகு மெதுவாகக் கிட்டே வந்து, ஒரு மூலையின் ஓரத்தைப் பெருவிரலால் நீவிப் பார்த்தாள்.

“யாரு பிள்ள செஞ்சா?”

நான் என்று சொல்லியிருக்கலாம். அதைச் சொல்லத்தான் அவ்வளவு நேரம் காத்துக் கிடந்தேன். ஆனால் அந்த நொடியில் எனக்கு ஒரு பெரிய யோசனை வந்துவிட்டது. நாளைக்கு அப்பா வரும்போது அத்தை கோபமில்லாமல் இருக்க வேண்டும்; இதை அப்பா செய்ததாகச் சொன்னால் எவ்வளவு சந்தோஷப்படுவாள்!

“அப்பாதான் செஞ்சு குடுத்துவிட்டாக.”

“ஒங்கப்பாவா? இந்தப் பேப்பர்லயா?”

“ஆமாத்தே. ஒங்களுக்குன்னே தேடி எடுத்தாக.”

பொய்யைச் சொன்னதோடு விடாமல் அதற்கு ஜரிகையும் கட்டினேன். அத்தை அப்படியே படியில் உட்கார்ந்துவிட்டாள். கண்ணிலிருந்து தண்ணீர் இறங்கியது. சந்தோஷத்தில் அழுகிறாள் என்று நினைத்தேன். பெரியவர்கள் அப்படி அழுவதை இரண்டு நாள் முன்னால்தான் அம்மாவிடம் பார்த்திருந்தேன். எப்போது போனாலும் கையில் ஏதாவது தின்னக் கொடுத்து அனுப்புகிறவள், அன்றைக்கு ஒன்றும் தரவில்லை. எனக்கு அதுகூட உறைக்கவில்லை. தம்பியைக் கூட்டிக்கொண்டு குதித்துக்கொண்டே வீட்டுக்கு வந்தேன்.

மறுநாள் காலையில் அப்பா தீபாவளிச் சட்டையைப் போட்டுக்கொண்டு என்னைத் துணைக்குக் கூப்பிட்டார். ஒரு கையில் சேலைப் பை, இன்னொரு கையில் என் விரல். தண்ணீர்த் தொட்டியைத் தாண்டும்போது அவர் பிடி இறுகியது. அங்கே போய்ப் பார்த்தால் ஆணியில் ஐந்து குச்சிகள் மட்டும் தொங்கின. ஒரு துண்டு பேப்பர்கூட இல்லை. ஈரத்துணி வைத்து ஊறவைத்துச் சுத்தமாக உரித்திருந்தது. சங்கிலியையும் காணோம். பனியில் கெட்டுப்போகாமல் இருக்க அத்தை பத்திரமாக உள்ளே எடுத்து வைத்திருக்கிறாள் என்று எனக்குப் பெருமையாக இருந்தது.

அத்தை வாசலுக்கு வந்தாள். நிலையை விட்டு விலகி வழிவிடவில்லை. அப்பா பையை நீட்டினார். இடுப்பிலிருந்த பிள்ளை அதைப் பிடிக்கக் கையை நீட்டியது. அத்தை பிள்ளையை மறு இடுப்புக்கு மாற்றிக்கொண்டாள்.

“இனி என்ன இருக்குன்னு வந்தீக? போயிருங்கண்ணே.”

அவ்வளவுதான் சொன்னாள். அப்பா நீட்டிய பையை இறக்கிக்கொண்டார். கொஞ்ச நேரம் அந்தக் குச்சிகளைப் பார்த்தார், பிறகு திரும்பிவிட்டார். வருகிற வழியில் பேக்கரியில் நிறுத்தி எனக்கு ஒரு கேக் வாங்கிக் கொடுத்தார். நான் அதைத் தின்றுகொண்டே வந்தேன். வீட்டுக்கு வந்ததும் பையை அம்மாவிடம் கொடுத்து, “கோடி போடாதவனுக்கு இதான் மரியாத. அவ செஞ்சதுல தப்பில்ல” என்றார். அதற்குப் பிறகு ஞாயிற்றுக்கிழமைகளில் அரிசிப் பை வரவில்லை. பங்குனிக்குள் அத்தை வீட்டைக் காலிசெய்துகொண்டு விருதுநகருக்கு, மாமாவின் ஆட்கள் பக்கம், போய்விட்டாள். ஊதாச் சேலை பெட்டியிலேயே கிடந்து மடிப்பில் இற்றுப்போனது.

அத்தை மறுபடி எங்கள் வீட்டுக்குள் வந்தது, நாலு வருடத்துக்கு முன்னால் அப்பா இறந்த அன்றைக்குத்தான். அவர் காலடியில் விழுந்து கிடந்தவளை அம்மா தூக்கிச் சேர்த்துக்கொண்டாள். நான் பக்கத்தில் இருந்தேன். அழுகை ஓய்ந்த ஓர் இடைவெளியில் அத்தை அம்மாவின் தோளில் முகத்தை வைத்துக்கொண்டு சொன்னாள்:

“கோடி போடாதத நான் மனசுல வைக்கல மதினி. அண்ணன் தொட்டியடில நின்னு அழுதது எனக்குத் தெரியும். ஆனா எங்க வீட்டுக்காரவுக செத்த கம்பெனி லேபிளத் தேடி எடுத்து, அதுல ஸ்டார் ஒட்டி எங்க வாசல்ல கட்டச் சொல்லிக் குடுத்துவிட்டாருல்ல. அந்த லேபிள என் கையால எத்தன பெட்டிக்கு ஒட்டிருப்பேன். அவுகளப் பாத்ததே அத ஒட்டும்போதுதானே. அதத்தான் என்னால தாங்க முடியல. போகட்டும். இன்னைக்கு அதையும் விட்டுட்டேன்.”

“என்ன லேபிளு?” என்று அம்மா கேட்டாள்.  அத்தையின் தலைக்கு மேலாக என்னைப் பார்த்தாள். நான் தரையைப் பார்த்தேன். அந்தக் கட்டு யார் கட்டிலுக்கு அடியில் கிடந்தது என்று அம்மாவுக்குத் தெரியும். பிறகு அத்தையின் முகத்தைத் துடைத்துவிட்டு, “போகட்டும் விடு” என்றாள்.

அப்பா செய்யாத தப்புக்கு மன்னிப்பு வாங்கிக்கொண்டு போனார். வெளியே மேளம் அடித்துக்கொண்டிருந்தது, வீடு நிறைய ஆள், என் வாய் திறக்கவில்லை. இன்றுவரை திறக்கவில்லை. சொன்னால் அப்பா மேல் இருக்கிற பழி போகும். ஆனால் ஒரு பாவமும் அறியாத அண்ணனை வாசலோடு திருப்பி அனுப்பினேனே என்று அத்தை மிச்ச நாளெல்லாம் அழுவாள். இப்படி ஒரு நியாயத்தைச் சொல்லிக்கொள்கிறேன். பயம்தான் என்றும் எனக்குத் தெரியும். அம்மாவும் இதுவரை ஒன்றும் கேட்கவில்லை.

மாமா போன அந்த வருடம், காலாண்டு லீவு முடிந்து அம்மா என் நோட்டுகளுக்கு அட்டை போட்டுக்கொண்டிருந்த சாயங்காலம் அடிக்கடி நினைவுக்கு வருகிறது. ஊஞ்சல்காரியை ஒவ்வொரு நோட்டிலும் உள்ளே திருப்பித் திருப்பி மடித்தாள். அந்தக் கம்பெனி லேபிள் கண்ணில் படக்கூடாது என்று சொல்லவும் அவளுக்கு வாய் வரவில்லை, தூக்கி எறிய மனமும் வரவில்லை. வெள்ளையாக இருக்கிறதே என்று அழுதேன். அம்மா நிமிர்ந்துகூடப் பார்க்காததால், ஸ்கெட்ச் பேனாவை எடுத்து ஒவ்வொரு நோட்டின் வெள்ளையிலும் பெரிதாக ஒரு ஸ்டார் போட்டுவைத்தேன்.