முந்நூற்றறுபது கோடுகள்

ஒவ்வொரு மாதமும் முதல் தேதி வங்கிக்குப் போய்த் திரும்பியதும், லென் குபியாக் மேல்கோட்டைக் கழற்றாமலேயே நிலவறைக்கு இறங்கிப் போவார். படிக்கட்டின் அடியில் வீட்டைத் தாங்கி நிற்கும் மரத்தூண் ஒன்று இருந்தது. தச்சர்கள் காதில் செருகிக்கொள்ளும் தட்டைப் பென்சிலை எடுத்து, பேனாக்கத்தியால் இரண்டு சீவு சீவி, முனையை நாக்கில் ஒருமுறை தொட்டுக்கொள்வார். இடது உள்ளங்கையால் தூணின் தூசியைத் துடைப்பார். பிறகு சுண்டுவிரல் நீளத்துக்கு ஒரு கோடு. வரிசைக்குப் பன்னிரண்டு. போட்டதும் விரல் முட்டியால் தூணை இரண்டு தட்டு தட்டுவார், நன்றாக உழைத்த ஆளின் தோளில் தட்டுவதுபோல. பென்சில் சீவிய தூளைப் பொறுக்கிப் பையில் போட்டுக்கொண்டு மேலே வருவார்.

எங்கள் வீட்டு வாஷிங் மெஷின் பழுதாகிக் கிடந்த ஒரு குளிர்காலம் முழுக்க நான் அவர்கள் நிலவறையில்தான் துவைத்தேன். அப்படித்தான் இதைப் பார்த்தேன். ஏரிக்கரை ஊரான ஈரியின் மேற்குப் பக்கத்தில் எங்கள் இரண்டு வீடுகளுக்கும் நடுவே ஒரு கார் நுழையும் அகலம்தான் இடைவெளி.

அவர் அந்த வீட்டை 1993 இலையுதிர்காலத்தில் வாங்கினார். விலை ஐம்பத்திரண்டாயிரம் டாலர். கையில் ஐந்தாயிரம் இருந்தது. மீதி நாற்பத்தேழாயிரத்துக்கு ஊர் வங்கியில் முப்பது வருடக் கடன். பிளாஸ்டிக் மூடிகள் வார்க்கும் பட்டறையில் அச்சு பொருத்தும் வேலை. அன்று முப்பத்தேழு வயது.

அந்த முப்பது வருடத்தில் மூன்று முறை வங்கிக்குப் போய்ப் புதிதாகக் கையெழுத்துப் போட்டார். 1998இல் கூரை ஒழுகியது, கூடவே வீட்டைச் சூடாக்கும் உலையும் வெடித்தது. 2004இல் மகள் ஜோலீனுக்கு நர்சிங் படிப்பு. 2012இல் மனைவி பெர்ணடெட்டுக்கு முதுகுத்தண்டில் அறுவை. ஒவ்வொரு முறையும் அங்கே இருந்தவர்கள் வட்டி குறைகிறது என்றார்கள். முதல் இரண்டு தடவை தவணை கொஞ்சம் கூடியது. மூன்றாவது தடவை முப்பது டாலர் குறைந்தேவிட்டது. அதை அவர் பட்டறையில் ஒரு வாரம் சொல்லிக்கொண்டு திரிந்தாராம். மாறியது வட்டியும் தவணையும்தான், முப்பது வருடம் அதே முப்பது வருடம் என்றே நினைத்திருந்தார். வங்கியிலிருந்து வரும் கடிதங்களைப் பிரிக்காமல் பிஸ்கட் டப்பா ஒன்றில் போட்டுவைத்தார். கட்டிக்கொண்டிருக்கிறவனுக்குக் கடிதம் எதற்கு? தூணில் கணக்கு இருக்கிறது.

எங்கள் பக்கத்தில் வீட்டுக்கடன் தீர்ந்தால் கடன் பத்திரத்தை எரிப்பார்கள். எல்லாரையும் கூப்பிட்டு, சாப்பாடு போட்டு, நடுவில் வைத்து எரிப்பார்கள். லென்னின் அப்பா 1971இல் தன் கடன் பத்திரத்தைப் போட்டு எரித்த இரும்பு வாணலி இவர் சமையலறைச் சுவரில் தொங்கியது. அதில் யாரும் முட்டை பொரிக்கக்கூடாது. முந்நூற்றறுபதாவது கோடு 2023 நவம்பர் முதல் தேதி, புதன்கிழமை விழவேண்டியது. சனிக்கிழமை எரிப்பு என்று நாற்பது பேருக்கு அட்டை அனுப்பியாயிற்று.

அந்த வருடத்தோடு வேலையையும் விடுவதாக இருந்தார். வலது முழங்காலில் எலும்போடு எலும்பு உரசிக்கொண்டிருந்தது. இன்னும் ஒரு வருடம் சிமெண்ட் தரையில் நின்றால் நான் பொறுப்பில்லை என்று டாக்டர் சொல்லிவிட்டார். டிசம்பர் கடைசியோடு நின்றுகொள்கிறேன் என்று கடிதம் கொடுத்திருந்தார். மனைவி பெர்ணி ஒரு உறையின் பின்பக்கம் கணக்குப் போட்டிருந்தாள்: ஓய்வுப் பணம், எரிவாயு, வீட்டு வரி, அவளுடைய மாத்திரைகள். கடன் தவணை இல்லையென்றால் மாதம் நூற்றுத் தொண்ணூறு டாலர் மிஞ்சும். அதன் அடியில் இரண்டு கோடு போட்டு வட்டமிட்டிருந்தாள்.

எரிப்புக்கு முந்தைய ஞாயிற்றுக்கிழமை அந்தச் சமையலறையில், உருளைக்கிழங்கைப் பொதிந்து வேகவைக்கும் பீரோகிக்கு மாவு பிசைந்துகொண்டிருந்தார்கள். பெர்ணியின் அண்ணன் வால்ட் பீர் டப்பாவோடு கதவில் சாய்ந்து நின்றான்.

"முப்பது வருஷம் ஒரே வீடு, ஒரே மெஷின், ஒரே பொண்டாட்டி. மச்சான், உன்னை மியூசியத்துல வைக்கணும்."

"உன்னை வைக்கத்தான் இடம் பத்தாது. உன் மூணு பொண்டாட்டிங்களும் தனித்தனி ஹால் கேப்பாங்க" என்றார் லென்.

"மூணாவது ஒண்ணும் கேக்க மாட்டா. டிவிய மட்டும் எடுத்துக்கிட்டுப் போயிட்டா, தங்கம்."

"ரெண்டு பேரும் வாயை மூடிட்டு உருளைக்கிழங்கை மசிங்க" என்றாள் பெர்ணி. "இருநூறு மடிக்கணும். வால்ட், அதுல பீர் சிந்துச்சுன்னா உன்னையும் சேர்த்து வேக வெச்சுருவேன்."

லென் சிரித்துக்கொண்டே முழங்காலைப் பிடித்தபடி உட்கார்ந்தார். உட்கார்வதற்கு முன் வாணலியை ஒருமுறை பார்த்துக்கொண்டார்.

புதன்கிழமை அவருடைய வண்டி பிரேக் மாற்றப் போயிருந்தது. நான் வங்கிக்கு அழைத்துப் போனேன். டை கட்டியிருந்தார். முதல் பனி ஏரிப் பக்கமிருந்து சாய்வாக விழுந்துகொண்டிருந்தது.

கடன் பிரிவில் இருந்த பெண்ணுக்கு இருபத்தைந்து வயதிருக்கும். மேசையில் பெயர்ப்பலகை: டிரினா. லென் காசோலையை இரண்டு கையாலும் நீட்டினார்.

"இது கடைசிம்மா. வாங்கிக்கிட்டு பத்திரத்தைக் குடுத்துடு. சனிக்கிழமை எரிக்கணும்."

அவள் சிரித்தபடி தட்டச்சு செய்தாள். சிரிப்பு முகத்திலேயே இருந்தது. கண் மட்டும் திரையில் ஒரே இடத்தில் நின்றுவிட்டது.

"சார், கொஞ்சம் உக்காருங்களேன்."

"உக்காந்தா எந்திரிக்க ரொம்ப நேரமாகும். சொல்லு."

"இதையும் சேர்த்துக் கழிச்சதுக்கு அப்புறம், அறுபத்து நாலாயிரத்து ஐநூத்தி அறுபத்து மூணு பாக்கி காட்டுது சார்."

"அது வேற குபியாக். இந்த ஊர்ல ஒம்பது பேர் இருக்கோம்."

அவள் முகவரியைப் படித்தாள். அவர் உட்கார்ந்தார்.

"நான் வாங்கினதே நாப்பத்தேழாயிரம்தாம்மா. முந்நூத்தி அறுபது தடவை கட்டிருக்கேன். ஒரு மாசம் தவறல. தூண்ல போட்டு வெச்சிருக்கேன், வந்து பாரு."

"தவறவே இல்ல சார். ஒரு நாள்கூட லேட் இல்ல. ஆனா இப்ப ஓடுற கடன் 2012ல ஆரம்பிச்சது. இதுல நூத்தி முப்பத்திரண்டு தவணைதான் ஆயிருக்கு. இன்னும் இருநூத்தி இருபத்தெட்டு இருக்கு."

"பன்னெண்டுல நான் கையெழுத்துதானே போட்டேன்? வட்டி குறையுதுன்னு சொன்னாங்க."

"குறைஞ்சுது சார். ஆனா ஒவ்வொரு தடவையும் பழைய கடனை மூடிட்டு, புதுசா முப்பது வருஷம் ஆரம்பிச்சிருக்கு. மேல கொஞ்சம் பணமும் எடுத்திருக்கீங்க. கூரைக்கு, அப்புறம் படிப்புக்கு, அப்புறம்..." அவள் நிறுத்திக்கொண்டாள். ஒரு துண்டுத்தாளை எடுத்தாள். "தொண்ணூத்தி மூணுல முதல் மாசம் முந்நூத்திப் பன்னெண்டு டாலர் கட்டினீங்க. அதுல வட்டி இருநூத்தி எழுபத்து நாலு. வீட்டுக்குன்னு போனது முப்பத்தெட்டு. மாசா மாசம் இது கொஞ்சம் கூடும், அது கொஞ்சம் குறையும். உங்க முதல் கடன்ல, பாதிக்குப் பாதி வீட்டுக்குப் போக இருபது வருஷம் ஆகியிருக்கும். நீங்க அஞ்சு வருஷம் வந்து திரும்ப முதல்லேர்ந்து. அப்புறம் ஆறு வருஷம், திரும்ப முதல்லேர்ந்து. அப்புறம் எட்டு. வட்டி அதிகமா போற வருஷத்தையே நாலு தடவை கட்டிருக்கீங்க."

லென் துண்டுத்தாளைத் தன் பக்கம் திருப்பி வைத்துக்கொண்டார்.

"மொத்தம் எவ்வளவு கட்டிருக்கேன்?"

அவள் கணக்கிட்டாள். "ஒரு லட்சத்து நாப்பத்திரண்டாயிரம்."

"அதுல அசலுக்குப் போனது?"

"முப்பத்தஞ்சாயிரத்து ஐநூறு."

மீதி எங்கே என்று அவர் கேட்கவில்லை. "எப்ப முடியும்?" என்று மட்டும் கேட்டார்.

"2042 நவம்பர்."

அவர் விரல்களை மேசைக்கு அடியில் மடக்கினார். "அப்ப எண்பத்தாறு வயசு" என்றார்.

டிரினா திரையிலிருந்து கண்ணை எடுத்தாள். மிட்டாய்க் கிண்ணத்தை அவர் பக்கம் தள்ளினாள். "எடுத்துக்கோங்க சார்." அவர் இரண்டு எடுத்து ஒன்றை என்னிடம் கொடுத்தார். காசோலைக்கு ரசீது கேட்டு வாங்கி, நான்காக மடித்துப் பையில் வைத்துக்கொண்டார்.

காரில் மிட்டாயைப் பிரித்து வாயில் போட்டுக்கொண்டார். வைப்பர் பனியை ஒதுக்கிக்கொண்டே இருந்தது.

"பெர்ணிகிட்ட வாயைத் திறக்காத தம்பி."

"சனிக்கிழமைய நிறுத்திடலாமே. ஏதாவது காரணம் சொல்லி..."

"என்ன காரணம் சொல்வேன்? அந்தக் கடைசிக் கையெழுத்து எதுக்குன்னு அவளுக்குத் தெரியும். அவ முதுகுக்கு. தன் தலையில போட்டுக்குவா. மாத்திரைய நிறுத்தினாலும் நிறுத்திருவா, அந்த மாதிரி ஆள் அவ." மிட்டாயை வாயின் மறுபக்கம் ஒதுக்கினார். "நான் முட்டாளாப் போனது எனக்குத் தெரிஞ்சா போதும். உனக்கும் தெரிஞ்சுபோச்சு, அது உன் கெட்ட நேரம்."

அன்று அவர் நிலவறைக்குப் போய் முந்நூற்றறுபதாவது கோட்டைப் போட்டார். பெர்ணி மேலே படியில் நின்று கைதட்டியது என் வீடு வரை கேட்டது.

வெள்ளிக்கிழமை காலை மறுபடி என்னைக் கூப்பிட்டார். பட்டறை வாசலில் இறங்கி, நொண்டிக்கொண்டு உள்ளே போய், பத்து நிமிடத்தில் வந்தார். வேலையை விடுவதாகக் கொடுத்த கடிதத்தைத் திருப்பி வாங்கியிருந்தார். "வெச்சுக்கிறாங்களாம்" என்றார். "சூப்பர்வைசர் என் கையைப் புடிச்சுக் குலுக்குறான், நான் ஏதோ அவன் மேல பாசத்துல வந்துட்ட மாதிரி."

சனிக்கிழமை நாற்பது பேரும் வந்தார்கள். ஜோலீன் பிட்ஸ்பர்க்கிலிருந்து இரண்டு குழந்தைகளோடு வந்திருந்தாள். கொல்லைப்புறத்தில் கட்டிய தார்ப்பாய்க்கு அடியில் சாசேஜிலும் பீரோகியிலும் ஆவி பறந்தது. பாதிரியார் வாணலிக்கு ஒரு சின்ன ஜெபம் சொன்னார். நான் வேலி ஓரமாக நின்றிருந்தேன். எரிப்பதற்கு அவரிடம் ஒன்றும் இல்லை என்று அங்கே இருந்தவர்களில் எனக்கு மட்டும்தான் தெரியும்.

லென் கோட்டுக்குள்ளிருந்து ஒரு பத்திரத்தை எடுத்தார். மூன்றாக மடித்த, நீளமான, கொஞ்சம் மஞ்சளித்த தாள்.

"வெத்துத்தாளா காட்டி ஏமாத்தறான் பாருங்க" என்றான் வால்ட். "குடு, நான் படிச்சாத்தான் ஊர் நம்பும்."

லென் தாளைக் கொடுக்கவில்லை. தானே விரித்துப் பிடித்தார். வலது கட்டைவிரல் கீழ்மூலையில் அழுந்தியிருந்தது. வால்ட் கண்ணாடியைத் தூக்கிக்கொண்டு குனிந்து உரக்கப் படித்தான்.

"லெனர்ட் குபியாக், பெர்ணடெட் குபியாக்... நாப்பத்தேழாயிரம் டாலர்... சிவப்பு முத்திரை போட்டிருக்கு சாமி! முழுவதும் அடைக்கப்பட்டது, ரத்து செய்யப்பட்டது!" நிமிர்ந்தான். அவன் கண் கலங்கியிருந்தது. "டேய் மச்சான். நிஜமாவே முடிச்சுட்டடா."

எல்லாரும் கத்தினார்கள். பெர்ணி தீக்குச்சியைக் கிழித்தாள், காற்றில் இரண்டு அணைந்தன, மூன்றாவது பிடித்தது. தாள் வாணலியில் சுருண்டு கருத்தது. சிவப்பு முத்திரை கடைசிவரை தெரிந்தது. ஒரு பொய்ப் பத்திரத்தை எங்கே அடித்து வாங்கினாரோ என்று நினைத்தேன். இவ்வளவு கச்சிதமாகச் செய்யக்கூடிய ஆள் என்று அவரை நான் நினைத்ததில்லை.

"ஜனவரியில ஏரி உறைஞ்சதும் ஐஸ்ல மீன் பிடிக்கப் போறோம், ஐஸ் மேல உக்கார குடிசை நான் வாங்கறேன்" என்றான் வால்ட்.

"பட்டறையில இன்னும் கொஞ்ச நாள் இருன்னு கெஞ்சுறாங்க. பாக்கலாம்" என்றார் லென்.

"பாத்தீங்களா?" என்றாள் பெர்ணி எல்லாரையும் பார்த்து, அடுப்பு வெக்கையில் முகம் சிவக்க. "வீட்டுல என்னோட இருக்கப் பயம் இவருக்கு."

அவர் அதற்குப் பிறகு பதினைந்து மாதம் வேலைக்குப் போனார். வசந்தத்தில் ஒரு ஊன்றுகோல் வந்தது. கோடையில் அதைப் பட்டறை வாசலில் காரிலேயே விட்டுவிட்டு உள்ளே போகப் பழகிக்கொண்டார், பார்த்தால் வேலையைவிட்டு எடுத்துவிடுவார்களென்று. மாதத்தின் முதல் தேதி மட்டும், பெர்ணிக்குத் தெரியாமல் தவணை கட்ட, எனக்கு அலைபேசி அழைப்பு வரும்: "தம்பி, வங்கிப் பக்கம் போறியா?" 2025 பிப்ரவரியில் ஒரு செவ்வாய்க்கிழமை காலை பத்து மணிக்கு நான்காம் எண் மெஷினின் பக்கத்தில் விழுந்தார். ஆம்புலன்ஸ் வருவதற்குள் போய்விட்டார்.

மார்ச் நடுவில் பெர்ணி என்னைக் கூப்பிட்டாள். மேசையில் அந்தப் பிஸ்கட் டப்பாவும், பிரித்த ஒரு கடிதமும் இருந்தன.

"தம்பி, இந்த வங்கிக்காரங்களுக்குப் பைத்தியமா? இந்த மாசத் தவணை வரலன்னு எழுதியிருக்காங்க. வீட்டுக்கடனைத்தான் எரிச்சாச்சே, நீயும்தானே பாத்த? லென்னு இருந்தா போய் நல்லா நாலு கேள்வி கேட்டுட்டு வருவாரு. நீ கொஞ்சம் படிச்சுச் சொல்லேன்."

நான் படித்தேன். பாக்கி அறுபத்தொன்றாயிரத்து எழுநூறு. அவளிடம் சொன்னேன். எப்படிச் சொன்னேன் என்று நினைவில்லை. அவள் கடிதத்தை வாங்கி மடித்துவிட்டு, "முதுகுக்கா?" என்று கேட்டாள். நான் பதில் சொல்வதற்குள் எழுந்து போய் அடுப்பைத் துடைக்க ஆரம்பித்தாள், அது சுத்தமாகத்தான் இருந்தது.

அன்று மாலை, வீட்டை விற்பதற்கு வேண்டிய தாள்களைப் பிரித்து வைக்கச் சொன்னாள். நிலவறைக்கும் போனேன். தூணின் பின்பக்கம், சுவரைப் பார்த்த பக்கத்தில், பதினைந்து கோடுகள் இருந்தன.

டப்பாவின் அடியில், பிரிக்காத கடிதங்களுக்குக் கீழே, உறை பிரித்த, மூன்றாக மடித்த நீளத் தாள்கள் இரண்டு கிடந்தன. ஒன்று ஐம்பத்தாறாயிரம் டாலர் பத்திரம், மற்றது எழுபத்து நான்காயிரம். இரண்டிலும் அதே சிவப்பு முத்திரை: முழுவதும் அடைக்கப்பட்டது, ரத்து செய்யப்பட்டது. வங்கியில் கேட்டபோது டிரினா சொன்னாள், புதுக்கடன் பழைய கடனை அடைக்கும் ஒவ்வொரு முறையும் பழைய பத்திரத்தை இப்படி முத்திரையிட்டுத் தபாலில் அனுப்பிவிடுவார்களாம். தேதி முத்திரைக்குக் கீழே, அன்று அவர் கட்டைவிரல் அழுந்தியிருந்த வலது மூலையில் இருந்தது: 2004 அக்டோபர், 2012 அக்டோபர். நாற்பத்தேழாயிரத்துக்கான முதல் பத்திரம் மட்டும் டப்பாவில் இல்லை. அதை அவர்கள் அனுப்பியது 1998இல்.