தம்பியின் பக்கம்

1962 அக்டோபர் 14, ஞாயிறு. கடிகாரத்துக்குச் சாவி கொடுத்தேன், மீன் வாங்கி வந்தேன். மாலையில் தம்பியோடு கடற்கரையில் உட்கார்ந்தேன். பிரெஞ்சு ஆட்சி போன எங்கள் ஊரில், விரும்பியவர்கள் பிரெஞ்சுக் குடிமக்களாகவே இருக்க அப்போது எழுதிக் கொடுக்கலாம். அவனும் அப்படி எழுதிக் கொடுத்துவிட்டுக் குடும்பத்தோடு பிரான்சுக்குக் கப்பலேற நினைத்தான். நான் கூடாது என்றேன். குரல் உயர்ந்தது.

அதே பெஞ்சில் ஒருவர் மடியில் குடையோடு கேட்டுக்கொண்டிருந்தார். நரைத்த தாடி, ஒரு பொத்தான் இல்லாத கோட்டு. பிரெஞ்சுப் பள்ளியில் கிரேக்கத் தத்துவம் நடத்துபவராம். நாம் சொன்னதை அப்படியே திருப்பிச் சொல்லி, "சரியாச் சொன்னேனா?" என்று கேட்ட பிறகுதான் பதில் பேசுவார்.

"அந்தக் காலத்து கிரேக்கருங்க ஒரே வழக்குல ரெண்டு பக்கமும் பேசிப் பழகுவாங்க. நீங்க தம்பி பக்கம் பேசுங்க, முசியே" என்றார்.

பேசினேன். அவனுக்கு மில் வேலை போனது, பிள்ளைகள் பிரெஞ்சில் படிப்பது, நாற்பது வயதிலும் அவன் என்னிடம் அனுமதி கேட்டு நிற்பது, எல்லாம் என் வாயிலிருந்தே வந்தன.

"எனக்கே இவ்ளோ தோணலையேண்ணே!" என்று தம்பி சிரித்தான்.

"இப்ப நீங்க அண்ணன் பக்கம்."

தம்பி யோசித்தான். "நான் போயிட்டா அண்ணனுக்கு இங்க யாரும் இல்ல" என்றான்.

"யார் பக்கம் சரிங்க?" என்று கேட்டேன். "ரெண்டு பேருமே நல்லாப் பேசினீங்க" என்று சொல்லிவிட்டு அவர் குடையோடு எழுந்து போனார். அவர் மனம் எந்தப் பக்கம் என்று எனக்கு இன்றுவரை தெரியாது.

மறுநாள் காலை முதல் வேலையாக, குடியுரிமை மனுவில் ஒட்டப் படம் எடுக்கத் தம்பியை ஸ்டுடியோவுக்கு அழைத்துப் போனேன். அவன் சட்டைக் காலரை நானே சரிசெய்தேன்.