ஹவாய் ராணியும் எங்க ஊர் கிராம சபையும்

எங்க அம்மாவால சும்மா உட்கார்ந்து படம் பார்க்க முடியாது. வில்லனைத் திட்டியாகணும். அன்னைக்கு ஞாயித்துக்கிழமை, கடம்பத்தூர் பக்கத்துல இருக்குற எங்க ஊர்லேர்ந்து வேப்பம்பட்டுல என் வீட்டுக்கு வந்திருந்தாங்க. டிவியில ஹவாய்த் தீவைப் பத்தி ஒரு டாக்குமெண்டரி. சின்ன நாடு, அதுக்கொரு ராணி. கரும்புத் தோட்ட முதலாளிங்க கூடி ராணியை இறக்கிட்டு, நாட்டை அமெரிக்காவோட சேர்க்கப் பார்க்குறாங்க. நான் தமிழ்ல சொல்லச் சொல்ல, அம்மா கீரை ஆயறதையே விட்டுட்டாங்க.

"படுபாவிங்க! அவ ஊட்லயே அவளைப் பூட்டி வெச்சானுங்களா? ஜனங்க இன்னா பண்ணாங்க?"

"பொம்பளைங்க தீவு தீவா போய், சேர மாட்டோம்னு கையெழுத்து வாங்குனாங்கம்மா."

அம்மா முகம் செத்துப்போச்சு. "நாங்க கை தட்டிக்கினு வந்துட்டோம்டி."

விஷயம் இதுதான். போன கிராம சபையில ஒரு அதிகாரி, ஊரை டவுனோட சேர்க்கப் போறோம், ரோடு வரும், லைட்டு வரும்னு பேசியிருக்கார். எங்க ஊர்ல யார் மைக்ல பேசி முடிச்சாலும் தட்டுவாங்க, அது மரியாதை. தட்டினதும் தீர்மானம் நிறைவேறிச்சுன்னுட்டாங்க. டவுனாயிட்டா நூறு நாள் வேலை கிடையாதுன்னு அப்புறம்தான் தெரிஞ்சுதாம். அப்பா போனதுலேர்ந்து அம்மாவுக்குக் கைச்செலவும் அந்த வேலைதான், பேச்சுத்துணையும் அந்த வேலைதான். என்கூட வந்துடும்மான்னா, "உன் ஊட்ல நான் யார்கூட சண்டை போடுவேன்?"னு கேப்பாங்க.

எனக்கு ஆத்திரமா வந்துச்சு. "கையை வெச்சுக்கினு சும்மா இருக்க மாட்டியா நீ?"ன்னு கத்திட்டேன். அம்மா சாயங்கால ட்ரெயினுக்கே கிளம்பிட்டாங்க.

அடுத்த கூட்டத்துக்கு நானும் லீவு போட்டுட்டுப் போனேன். அம்மா ஊடு ஊடா போய் பொம்பளைங்களைக் கூட்டியாந்து முன்னாடி உட்கார வெச்சிருந்தாங்க. அதே அதிகாரி, டவுனோட சேர்க்கறதுல அடுத்த கட்டம்னு அதே பேச்சு. முடிச்சு மைக்கை வெச்சார். யாரும் தட்டல. பின்னாடி எங்க சித்தப்பா மட்டும் பழக்கதோஷத்துல ஒரு தட்டு தட்டி, அம்மா திரும்பி முறைச்சதும் கையைக் கட்டிக்கிட்டார்.

அம்மா எழுந்தாங்க.

"சார், தப்பா எடுத்துக்காதீங்க. நீங்க நல்லாத்தான் பேசுறீங்க. அன்னைக்கு தட்டுனது உங்க பேச்சுக்கு. ஊரைக் குடுக்கறதுக்கு இல்ல."

ஐயோ, என் அம்மா! ஓங்கித் தட்டணும்போல இருந்துச்சு எனக்கு. பல்லைக் கடிச்சுக்கிட்டு கையை மடியிலயே வெச்சிருந்தேன்.