நாட்டுக்கல்லின் முன்னால்

சங்ககிரியிலிருந்து திருச்செங்கோடு போகும் வழியில் எங்கள் பஸ் பஞ்சராகி நிற்கிறது. எதிரே வேப்பமரத்தடியில் ஒரு கல்யாண வீட்டார் நாட்டுக்கல்லுக்கு மஞ்சள் பூசுகிறார்கள். பழைய கொங்கில் பல ஊர்கள் சேர்ந்தது ஒரு நாடு. இந்த எல்லைச் சீமை மதுரைக்கும் மைசூருக்குமாகக் கைமாறிய காலத்திலும் ஊர் வழக்கைத் தீர்த்தது நாட்டுச் சபைதான். இன்றும் தாலி கட்டும் முன் மாப்பிள்ளை, நாட்டின் அடையாளமான இந்தக் கல்லின் முன்னால் நின்று நாட்டாரில் ஒருவரிடம் உத்தரவு கேட்கிறார்.

ஆனால் இது காதல் கல்யாணமாம். உத்தரவு கொடுக்கப் பங்காளிகள் ஒருவரும் வரவில்லை. மாப்பிள்ளையின் அம்மா சாலையைக் கடந்து, வேடிக்கை பார்க்கும் என்னிடம் வருகிறார்.

"ஏனுங்க, உங்களுக்கு எந்த ஊருங்க?"

"பொறந்தது மோரூருங்க. ஊரை விட்டுப் போயி ரொம்ப வருசமாச்சு."

"அப்ப நம்ம கீழ்க்கரைப் பூந்துறை நாடுதானுங்க! நீங்க வந்து உத்தரவு குடுங்க சாமி."

அப்பா இறந்த பிறகு அந்த நாட்டின் பெயரை யாரும் சொல்லிக் கேட்டதில்லை. செருப்பைக் கழற்றிவிட்டுக் கல்லருகே போய் நிற்கிறேன். மாப்பிள்ளை கைகூப்புகிறார்.

"நாடு உத்தரவு குடுத்தாச்சுங்க. போய்த் தாலி கட்டுங்க" என்கிறேன்.

அந்த அம்மா முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு மேளக்காரர் பக்கம் திரும்புகிறார்.

"அடிங்க!"