அண்ணி வெட்டிய கூந்தல்

தபாலில் வந்த இந்த நினைவு மலரைப் பிரித்ததும் அட்டைப் படத்தைப் பார்த்திருப்பீர்கள். எங்கள் அண்ணி காதளவு முடியோடு, பழைய நீலச் சட்டையில், கலிபோர்னியாவில் சன்னிவேல் வீட்டு வாசலில் நிற்கிறார். வேறு நல்ல படமே கிடைக்கவில்லையா என்று அச்சுக்குப் போகும் முன்பே சிலர் போனில் கேட்டுவிட்டீர்கள். கிடைத்தது. நீண்ட பின்னலும் தலையில் இறகுமாக, அண்ணி சினிமாவில் நடித்தபோது எடுத்த படம் இருக்கிறது. அதைப் போடு, லட்சணமாக இருக்கும் என்று நீங்கள் சொன்னபோது எனக்கு உடம்பெல்லாம் பற்றி எரிந்தது. ஏன் என்பதைச் சொல்லத்தான் இதை எழுதுகிறேன்.

அண்ணி பிறந்தது தெற்கு டகோட்டாவில், லகோட்டா இனத்தவருக்கு மிச்சம் வைத்த நிலத்தில். செவ்விந்தியர் என்று நாம் மொத்தமாகச் சொல்லிவிடுகிறோம். அவர்கள் தங்களை லகோட்டா என்றுதான் சொல்லிக்கொள்கிறார்கள். நகரத்தில் வேலை தருகிறோம் என்று அரசாங்கம் சொன்னதை நம்பி, கைக்குழந்தையான அண்ணியைத் தூக்கிக்கொண்டு அவருடைய அம்மா சான் ஹோசேக்கு வந்தார். கிடைத்த வேலை, அடுத்தவர் வீட்டைத் துடைப்பது. அதில்தான் மகளைப் படிக்க வைத்தார். அண்ணி வளர்ந்து, ரயில் நிலையத்திலிருந்து கம்பெனிக்கு ஆட்களை ஏற்றிப் போகும் ஷட்டில் பஸ் ஓட்டினார். அதில் தினமும் ஏறிய இன்ஜினியர்களில் ஒருவர் என் அண்ணன்.

2001இல் அண்ணனுக்கு வேலை போயிருந்த நேரத்தில் அவர்கள் கல்யாணம் நடந்தது. கிரீன் கார்டுக்காகக் கட்டிக்கொண்டான் என்று நம் சொந்தத்தில் ஒரு கூட்டம் பேசியது. இன்ஜினியரை வளைத்துப் போட்டுவிட்டாள் என்றது இன்னொரு கூட்டம். வேலை இல்லாத மனிதரை யாராவது வளைத்துப் போடுவார்களா? அண்ணனுக்கு மறுபடி வேலை கிடைக்கும்வரை அந்தக் குடும்பம் அண்ணி ஓட்டிய பஸ்ஸில்தான் ஓடியது.

சினிமா தானாக வந்தது. லகோட்டா முகங்கள் வேண்டும் என்று கேட்டு வந்த ஒருவர் அண்ணியைப் பார்த்ததும் கூப்பிட்டுக்கொண்டார். முதல் படத்தில் கூடாரத்து வாசலில் நின்று சுடப்பட்டுச் செத்தார். இரண்டாவது படத்தில் காய்ச்சலில் செத்தார். இரண்டிலும் ஒரு வார்த்தை பேச விடவில்லை. தலையில் செருகிய இறகு, சாயம் பூசிய வான்கோழி இறகு. எங்கள் ஜனங்கள் இப்படி வைத்துக்கொள்ள மாட்டார்கள் என்று அண்ணி சொன்னாராம். கேமராவுக்கு அது தெரியாது என்று பதில் வந்ததாம். நீங்கள் அட்டையில் போடச் சொன்ன லட்சணமான படம் அதுதான்.

மூன்றாவது படத்தில் கதாநாயகனுக்கு அம்மா வேஷம். பக்கம் பக்கமாக லகோட்டா மொழியில் வசனம். பழைய சொற்களையெல்லாம் தன் அம்மாவிடம் கேட்டுக் கேட்டு மனப்பாடம் பண்ணினார். நியூஜெர்சி எடிசனில் இருக்கும் எனக்குப் போன் பண்ணி, ஒரு எழுத்து புரியாத என்னிடம் முழுக்க ஒப்பித்துக் காட்டுவார். அவ்வளவு சந்தோஷம். படப்பிடிப்பு தொடங்க இருந்த வாரத்தில் அவருடைய அம்மா இறந்துபோனார். நெருங்கிய உறவு போனால் கூந்தலை வெட்டித் துக்கம் காப்பது அவர்கள் வழக்கம். அண்ணி காதளவுக்கு வெட்டிக்கொண்டார். சினிமாக்காரர்கள் குதித்தார்கள். முடியும் ஒப்பந்தத்தில் சேர்த்தியாம். கடைசியில் இறங்கி வந்து, சவுரி வைத்து நடி என்றார்கள். அம்மாவுக்காக வெட்டியதை மூடிக்கொண்டு இன்னொருவனுக்கு அம்மாவாக நடிக்க முடியாது என்று சொல்லிவிட்டு அண்ணி வண்டியை எடுத்துக்கொண்டு வீட்டுக்கு வந்துவிட்டார். யாரோ ஒரு பெண் அந்த வேஷத்தைப் போட்டாராம். அதோடு சினிமா முடிந்தது. மறுபடி பஸ்.

எங்கள் அப்பா கல்யாணத்துக்கு வரவில்லை. அம்மா காலமான பிறகு, சிறுநீரகம் பழுதாகி, வேறு வழியில்லாமல் சன்னிவேலுக்கு வந்தார். வாரம் தவறாமல் டயாலிசிஸுக்குக் கூட்டிப்போனவர் அண்ணி. மாமனாரை முகத்துக்கு நேராகப் பார்த்துப் பேசுவது லகோட்டா வீடுகளில் மரியாதை இல்லையாம். அதனால் ரோட்டைப் பார்த்துக்கொண்டே, "மாமா, தண்ணி வேணுமா?" என்று தமிழில் கேட்பார். பெயரையும் சொல்ல மாட்டார். உறவு சொல்லித்தான் அழைப்பது. அப்பா அசந்துபோனார். எதிரில் கால்மேல் கால் போட்டு வாதாடுகிற மகள் என்னைப் பார்த்து, "அந்தப் பொண்ணுகிட்ட ரெண்டு நாள் பாடம் கத்துக்கோ" என்பார். சந்தோஷமாகத் திட்டு வாங்கிக்கொள்வேன்.

இந்த வருஷத் தொடக்கத்தில் அப்பா போய்ச் சேர்ந்தார். காரியம் செய்ய அண்ணன் மொட்டை போட்டுக்கொண்டு வந்து நின்றதைப் பார்த்ததும் அண்ணியின் முகம் மாறியது. உங்களிலும் இது உண்டா என்று என்னிடம் கேட்டார். உண்டு என்றேன். நேரே குளியலறைக்குப் போனார். மறுபடி இடுப்புவரை வளர்ந்திருந்த கூந்தலைக் காதளவுக்கு வெட்டிக்கொண்டு வந்து, அண்ணன் பக்கத்தில் நின்றார். பெற்ற தாய்க்குச் செய்ததை மாமனாருக்குச் செய்தார். நம் வீட்டில் வேறு எந்த மருமகள் அப்படிச் செய்திருக்கிறார், சொல்லுங்கள்.

டெக்சஸில் கேட்டி என்ற ஊரிலிருந்து வந்திருந்த அத்தை, அப்பாவின் தங்கை, கூடம் அதிர ஆரம்பித்தார். "சுமங்கலி செய்யற காரியமா இது? என் அண்ணன் பிள்ளைக்கு ஏதாவது ஆச்சுன்னா யார் பதில் சொல்றது?" நான் வாயைத் திறந்தேன். அண்ணன்தான் கையைப் பிடித்து உள்ளே இழுத்துப் போனார். மகன் வழித்தால் சாஸ்திரம், மருமகள் வெட்டினால் அபசகுனமா? அன்றைக்குக் கேட்க விடவில்லை. இன்றைக்கு அச்சடித்தே கேட்கிறேன்.

வெட்டிய முடி தோளைத் தொடுவதற்குள் அண்ணிக்குக் கணையத்தில் புற்றுநோய் என்று தெரிந்தது. நாலைந்து வாரத்தில் முடிந்துவிட்டது. கடைசிவரை வலியைப் பற்றிப் பேசவில்லை. அண்ணன் சாப்பிட்டாரா என்றுதான் கேட்டார். அவர் உடலைக் கிடத்தியிருந்த இடத்தில், என் காதுபட, "முடியை வெட்டினா இல்ல, அதான் வினை" என்றார் அத்தை. இரண்டு பேர் தலையாட்டினார்கள். கணையத்துக்கும் கூந்தலுக்கும் என்ன சம்பந்தம்? எங்கள் அப்பாவை மதித்ததற்குப் பெயர் வினையா? பேச விடாமல் சாக வைத்தார்கள் சினிமாக்காரர்கள். செத்த பிறகும் பழி போடுகிறீர்கள் நீங்கள்.

மருத்துவமனைக்கு மாறி மாறி வந்து துணையிருந்த ஷட்டில் பஸ் ஓட்டுநர்களுக்கும், கேட்காமலே ரசம் கொண்டுவந்து கொடுத்த பக்கத்து வீட்டு ஆன்ட்டிக்கும், டகோட்டாவிலிருந்து தனியாகக் கார் ஓட்டி வந்து இன்னும் எங்களோடு இருக்கும் அண்ணியின் தங்கைக்கும், அதாவது அவருடைய சித்தி மகளுக்கும், எங்கள் குடும்பத்தின் நன்றி. வாயை மூடிக்கொண்டு வந்து அழுதுவிட்டுப் போன எல்லோருக்கும் நன்றி.

பதினாறாம் நாள் சாப்பாட்டுக்கு வரும்போது என் தலையைப் பார்ப்பீர்கள். காதளவுதான் இருக்கும். அண்ணியின் தங்கை வெட்டிவிட்டார். என் கணவர்தான் பின்னலைப் பிடித்துக்கொண்டு நின்றார். அவருக்கு ஒன்றும் ஆகவில்லை, அத்தை. பந்தியில் உங்கள் இலைக்குச் சாம்பார் ஊற்றப்போவதே அவர்தான்.