ஏலே அல்ல, ஏளா

அப்பாவின் காதுமடலுக்குப் பின்னால் எப்போதும் கொஞ்சம் மேக்கப் ஒட்டியிருக்கும். சென்னையில் ஷூட்டிங் முடித்து, ரயிலேறித் தூத்துக்குடி வீட்டுக்கு வந்ததும் அம்மா தேங்காயெண்ணெய் தொட்டுத் துடைத்துவிடுவாள். பவுடரும் எண்ணெயும் வியர்வையும் கலந்த அந்த வாசனைதான் எனக்கு சினிமா.

முப்பது வருஷத்துக்கு மேல் நடித்தார். போஸ்டரில் முகம் வந்ததில்லை. கறுப்பாக, வாட்டசாட்டமாக இருந்தார். அதனால் அடியாள், இல்லாவிட்டால் படகோட்டி. இடைவேளைக்கு முன்பே செத்துவிடுவார்.

"இந்தப் படத்துலயாவது முழுசா உசிரோட இருப்பியளா?" என்பாள் அம்மா.

"சாவதுக்கும் ஆளு வேணும்லாளா."

பிறகு சீரியல். அங்கே செத்தாலும் மாலை போட்ட போட்டோவாக மாதக்கணக்கில் வருவார்...

குரல் மட்டும் எதிலும் அவருடையது இல்லை. அவர் பேச்சு மற்ற ஊர்க்காரர்களுக்குப் புரியாதாம். வேறு யாரோ டப்பிங் பேசினார்கள்.

நான் எட்டாவது படிக்கும்போது மணப்பாட்டில் ஒரு சினிமா ஷூட்டிங். அப்பாவுக்கு மீனவர் வேஷம். "இதுல உங்க குரல்தாண்ணே" என்று டைரக்டர் வாக்குக் கொடுத்திருந்தார். அப்பா ஒரு வாரம் சுக்குத்தண்ணீராகக் குடித்துத் தொண்டையைப் பார்த்துக்கொண்டார்.

கரையில் நிற்கும் மகளைப் படகிலிருந்து கூப்பிட வேண்டும். பேப்பரில் "ஏலே, வீட்டுக்குப் போ" என்று இருந்தது.

"சார், பொம்பளப்பிள்ளைய நாங்க ஏலேன்னு கூப்பிட மாட்டோம். ஏளான்னுதான்." வீட்டில் என்னையும் அவர் அப்படித்தான் கூப்பிடுவார்.

"இந்தப் பக்கம்னாலே ஏலேதாண்ணே. ஜனங்களுக்கு அதான் தெரியும்."

"ஜனங்க அந்தா நிக்காவ. கேளுங்க."

வேடிக்கை பார்த்த மீன்காரப் பெண்மணி கேட்காமலே சொன்னாள்: "ஏலேன்னா அவ அண்ணன்காரன்லா திரும்பிப் பாப்பான்."

கரையே சிரித்தது. டைரக்டர் சிரிக்கவில்லை.

கேமரா ஓடியது. அப்பா "ஏளா" என்றார். மறுபடி எடுத்தார்கள். மறுபடியும் "ஏளா"... வெயில் இறங்கிக்கொண்டிருந்ததால் விட்டுவிட்டார்கள்.

டப்பிங்குக்கு அழைப்பு வரவே இல்லை.

படம் வந்ததும் குடும்பத்தோடு போனோம். திரையில் அப்பா வாயைத் திறந்தார். யாரோ ஒருவர் "ஏலே" என்றார். எனக்கு ஆத்திரத்தில் அழுகை வந்தது. இருட்டில் அப்பா என் கையைத் தட்டினார்.

"வாயப் பாத்தியாளா? வாயி நம்ம வாயிதான்."

இப்போது ஹீரோக்கள் ஆள் வைத்து எங்கள் பேச்சைப் படிக்கிறார்கள். படித்துவிட்டு வந்தும் பெண்பிள்ளையை "ஏலே" என்கிறார்கள். மண்ணின் மொழி என்று விமர்சனம் வருகிறது. இங்கே பிறந்தவர் பேசியபோது யாருக்கும் புரியவில்லை.

அப்பா போய் இரண்டு வருஷம் ஆகிறது. அந்தப் படத்தை டிவியில் அடிக்கடி போடுகிறார்கள். படகு வந்ததும் அம்மா ரிமோட்டை எடுத்துச் சத்தத்தை நிறுத்திவிடுவாள். அப்பாவின் வாய் "ளா" என்று அகலமாகத் திறக்கும்.

ஒவ்வொரு தடவையும், "என்னப்பா" என்று கேட்டுவிடுகிறேன்.