அந்தத் தேதியெல்லாம் யாரோடது?

"ஆப்பை மூடிட்டுத் திறங்க. ஆப்பை மட்டும். போனை அணைச்சுடாதீங்க, லைன் போயிடும்."

பத்துப் பேரில் மூன்று பேர் போனைத்தான் அணைப்பார்கள். லைன் போய்விடும். அவர்கள் திரும்ப அழைப்பதற்குள் மேடம் ஆறிப்போன தேநீரை இரண்டு மிடறு குடித்துவிடுவார். மாதவிலக்குத் தேதிகளைக் குறித்து வைக்கும் செயலி ஒன்றின் உதவி மையத்தில் அவருக்கு இது ஒன்பதாவது வருடம். எந்த வியாதிக்கும் முதல் மருந்து இந்த மூடித் திறப்பதுதான் என்பதால், மூன்றாம் மாடி முழுக்க அவருக்கு 'மூடித்திற மேடம்' என்று பெயர். அவருக்கும் தெரியும். "பேர் வச்சவனோட லேப்டாப்பையும் நான் அப்படித்தான் சரி பண்ணிக் குடுத்தேன்" என்பார்.

அழைப்பவர்களில் பாதிப் பேர் கிசுகிசுப்பார்கள். மாடிப்படியிலிருந்து ஒருத்தி, குழாயைத் திறந்துவிட்டுக் குளியலறையிலிருந்து ஒருத்தி. சில சமயம் கணவன்மார்கள். "வைஃபுக்கு அந்த... காலண்டர் வர மாட்டேங்குதுங்க" என்று மென்று விழுங்குவார்கள். மேடம் சிரிக்க மாட்டார். சுவர்க் கடிகாரம் ரிப்பேர் என்று சொன்னவரிடம் பேசுகிற குரலில் பேசுவார். நினைவூட்டல் வராவிட்டால், பேட்டரியை மிச்சம் பிடிக்கிற அமைப்பு அதை முடக்கிப் போட்டிருக்கும். கணக்கு தாறுமாறாக இருந்தால், போனில் வருடமே தப்பாக இருக்கும். ஒரு தடவை கைக்குழந்தையின் அழுகைக்கு நடுவே ஒரு பெண் கத்தினாள்: "பிள்ளை பெத்துட்டு வந்தா, முந்நூறு நாள் லேட்டுன்னு சொல்லுதுங்க!"

"அதுக்கு யாரும் விஷயத்தைச் சொல்லலையேம்மா, பாவம். இப்ப நாம சொல்லிடலாம்."

ஆனால் மேடத்தின் கைவரிசை வேறொன்றில் இருந்தது. ஒரே வீட்டில் அம்மாவும் மகளும் ஒரே போனில் தேதி குறிப்பார்கள். இரண்டு பேர் கணக்கும் கலந்து, செயலி குழம்பி, மஞ்சள் நிறத்தில் 'மருத்துவரைப் பாருங்கள்' என்று ஓர் எச்சரிக்கை காட்டும். மேடம் தன் திரையில் பட்டியலை ஒரு பார்வை பார்ப்பார். கொடியிலிருந்து எடுத்த துணிகளை இது இவளுடையது, அது அவளுடையது என்று பிரித்துப் போடுவதுபோல் பிரித்துவிடுவார். "எப்படிங்க கண்டுபிடிச்சீங்க?" என்று எதிர்முனை வாயைப் பிளக்கும். மேடத்துக்கு அதில் கொஞ்சம் கர்வம். கொஞ்சம் என்ன, நிறையவே.

அந்தக் கர்வத்தோடுதான் ஒரு ஞாயிற்றுக்கிழமை அக்கா வீட்டுக்குப் போயிருந்தார். அக்கா தையல்காரி, வீட்டிலும் கழுத்தில் அளவு நாடா தொங்கும். பட்டாணி உரித்துக்கொண்டிருந்தவள் போனை நீட்டினாள். "இதைக் கொஞ்சம் பாருடி. டாக்டரைப் பாரு, டாக்டரைப் பாருன்னு பயமுறுத்திக்கிட்டே இருக்கு."

மேடம் வாங்கிப் பார்த்தார். மாதத்துக்கு ஒரு நீளமான பதிவு, நடுநடுவே இரண்டு நாள், மூன்று நாள் என்று குட்டிக் குட்டியாக ஏழு. வழக்கமான கேஸ்.

"உன் பொண்ணோடது கலந்திருக்குக்கா."

"இல்லடி, அது..."

"அக்கா, நாள் முழுக்க இதைத்தானே பாக்குறேன்" என்று சிரித்தார். சிரித்துக்கொண்டே அந்த ஏழு பதிவையும் அழித்தார். மஞ்சள் மறைந்தது. அக்காவும் சிரித்தாள். "அப்பாடா. ரெண்டு வாரமா இதைத் திறக்கவே பயமா இருந்துச்சு."

அக்காவின் மகள் விடுதிக்குப் போய் எட்டு மாதம் ஆகியிருந்தது. போகும்போதே அவளுக்குத் தனிப் போன் வாங்கிக் கொடுத்தாயிற்று. வாங்கிக் கொடுத்ததே சித்திதான், அதாவது மேடம்தான். அந்த ஏழு பதிவும் அந்த எட்டு மாதத்துக்குள் வந்தவை. ஒரு கேள்வி கேட்டிருந்தால் போதும்.

அதற்கப்புறம் இடையில் ரத்தம் பட்டபோதெல்லாம் அக்கா குறிக்கவில்லை. குறித்தால் மறுபடி மஞ்சள் வருமே என்று விட்டுவிட்டாள். பதினான்கு மாதம் கழித்து, துணி வெட்டும் மேசை மேலேயே மயங்கி விழுந்தாள். கர்ப்பப்பையில் கட்டி, அது கெட்ட கட்டி. "எப்பேர்ந்து இப்படி?" என்று டாக்டர் கேட்டதும் அக்கா போனை எடுத்துக் கொடுத்தாள். டாக்டர் மேலும் கீழும் தள்ளிப் பார்த்தார். "இதுல எல்லாம் ஒழுங்கா இருக்கேம்மா" என்றார். மேடம் கதவோரம் கைப்பையைக் கட்டிப்பிடித்துக்கொண்டு நின்றார். இவ்வளவு ஒழுங்கான பட்டியலை அவர் வாழ்நாளில் பார்த்ததில்லை.

கர்ப்பப்பையை எடுத்தாயிற்று. சிகிச்சை இன்னும் முடியவில்லை. ஒரு வருடம் முன்னால் வந்திருந்தால் இவ்வளவு தூரம் போயிருக்காது என்று டாக்டர் சொன்னார். அக்காவுக்கு முடி கொட்டிவிட்டது. ஊசியில் நூல் கோர்க்கக்கூட முடிவதில்லை. ஒருநாள் கஞ்சி ஊட்டிக்கொண்டிருக்கும்போது மேடம் உடைந்துபோய், "நான்தான்க்கா அழிச்சேன்" என்றார்.

"தெரியுமே. நீ அவ்வளவு அடிச்சுச் சொன்னதும் எனக்கே சந்தேகம் வந்துடுச்சுடி. அவ லீவுக்கு வந்தப்ப போட்டதா இருக்கும், நமக்குத்தான் சரியா ஞாபகமில்ல போலன்னு நெனச்சுட்டேன்." சொல்லிவிட்டு அடுத்த வாய்க்கு வாயைத் திறந்தாள்.

திட்டியிருந்தால் பாரம் கொஞ்சமாவது இறங்கியிருக்கும். அக்கா திட்டவே இல்லை.

மேடம் இன்றும் அதே நாற்காலியில்தான் உட்கார்கிறார். மூடித் திறக்கச் சொல்வது மாறவில்லை. ஓர் அழைப்புக்கு ஆறு நிமிடம் என்பது விதி. தாண்டினால் சுவர்ப் பலகையில் எண் சிவப்பாகும். அவருடைய எண் பெரும்பாலும் சிவப்பிலேயே இருக்கிறது. "மேடம், இப்பெல்லாம் உங்க கால் ஒவ்வொண்ணும் கால் மணி நேரம் போகுது" என்று மேலாளர் வந்து நிற்பார். "போகட்டும் சார்" என்பார். அந்தப் பழைய கர்வத்தில் ஒரு துளிகூட இப்போது அந்தக் குரலில் இல்லை.

நேற்று காலை ஓர் அம்மா. பின்னணியில் மிக்ஸி ஓடுகிறது. "டபுளா விழுந்திருக்குங்க. என் பொண்ணும் இதுலதான் போடுவா. அந்தச் சின்னச் சின்னதையெல்லாம் எடுத்துடுங்க, நான் வேலைக்குக் கிளம்பணும்."

மூடித் திறக்கச் சொல்லி மேடம் பட்டியலைத் திறப்பதற்குள் ஐந்து நிமிடம் ஓடிவிட்டது. பார்த்தவுடனே பிரிக்கத் தெரிந்தது.

"அந்தத் தேதியெல்லாம் யாரோடதும்மா?"

"அதான் சொன்னேனே, பொண்ணோடது." மிக்ஸி நின்றது. "இல்லீங்க, அது..."

பலகையில் எண் சிவந்தது. மேடம் மவுஸிலிருந்து கையை எடுத்தார். இரண்டு கைகளையும் மடியில் கோர்த்து வைத்துக்கொண்டு, அந்த அம்மா மேலே சொல்வதற்காகக் காத்திருந்தார்.